ஆப்பும் பாசியும்

அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகரில் ‘சவுண்ட் 80’ என்றொரு ஒலிப்பதிவுக்கூடம் இருந்தது. பாப் டிலன் தன் ‘பிளட் ஆன் த டிராக்ஸ்’ இசைத்தட்டின் பாதிப் பாடல்களை 1974 டிசம்பரில் திரும்பப் பாடிப் பதிந்த இடம். பிற்பாடு அந்தக் கட்டடத்தை ஸ்டீவன் ஆர்ஃபீல்டு என்ற ஒலியியல்காரர் வாங்கினார். சிகாகோவில் வீட்டு உபயோகச் சாமான் செய்துகொண்டிருந்த சன்பீம் கம்பெனி தன் சோதனை அறையைக் கழித்துவிட நினைத்தபோது, அதையும் விலைபேசி வாங்கிக் கொண்டுவந்து உள்ளே பொருத்தினார். உலகத்திலேயே சத்தம் குறைந்த இடம் என்று 2004-இல் கின்னஸ் புத்தகத்தில் ஏறியது அந்த அறைதான். பதிவான அளவு மைனஸ் 9.4 டெசிபல். பாட்டுக் கூடத்துக்குள் இப்படி ஓர் அறை வந்து குடியேறியதில் ஒரு குறும்பு இருக்கிறது.

மைனஸ் என்றால் கொஞ்சம் குழப்பும். நல்ல காதுள்ள ஓர் இளைஞர் மட்டுமட்டாகக் கேட்கக்கூடிய ஒலிக்குத்தான் பூஜ்யம் டெசிபல் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அதற்குக் கீழேயும் ஒலி உண்டு, நமக்கு எட்டாது, அவ்வளவே. 2015-இல் மைக்ரோசாஃப்ட் தன் ரெட்மண்டு வளாகத்தின் 87-ஆம் எண் கட்டடத்தில் மைனஸ் 20.35-ஐத் தொட்டது. பிறகு ஆர்ஃபீல்டு மைனஸ் 24.9 காட்டிப் பட்டத்தைத் திருப்பிக்கொண்டார். இந்தப் போட்டியில் எனக்குப் பெரிய ஈடுபாடு இல்லை. காது எட்டாத பள்ளத்தில் யார் எத்தனை படி இறங்கினால் என்ன? இறங்கிய விதம்தான் பார்க்க வேண்டியது. ஊரடங்கிய இரவில், மின்விசிறியையும் நிறுத்திவிட்ட படுக்கையறையில் ஏறத்தாழ 30 டெசிபல் இருக்கும். அங்கிருந்து மைனஸ் 20-க்கு இறங்குவதென்றால், அந்தப் படுக்கையறையின் ஒலி ஆற்றலை லட்சத்தில் ஒரு பங்காக்க வேண்டும்.

லட்சத்தில் ஒரு பங்காக்கும் வேலையைச் செய்வது ஓர் ஆப்பு. விறகு பிளக்க அடிக்கிறோமே, அதே வடிவம். இரும்புக்குப் பதில் கண்ணாடி இழை, அதாவது ஃபைபர்கிளாஸ். ஆர்ஃபீல்டு அறையில் ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒரு மீட்டர் நீளம். நான்கு சுவரிலும், கூரையிலும், கதவின் உட்புறத்திலும், தரையிலும்கூட, கூர்முனை அறையைப் பார்த்தபடி நெருக்கமாகச் செருகியிருக்கிறார்கள். பலாப்பழத்தை உள்வெளியாகத் திருப்பிப்போட்டு அதற்குள் ஆளை நிறுத்தினால் எப்படியோ அப்படி. தரையிலும் ஆப்பு இருப்பதால் கால் வைக்க இடமில்லை. அதனால் ஆப்புகளுக்கு மேலே இறுக்கிக் கட்டிய கம்பி வலை ஒன்று. ஆள் அதன் மேல் நடக்கிறார். ஒலி அவர் காலுக்கடியில் வலைக்கண்கள் வழியாக நழுவிக் கீழே போகிறது.

இந்த வடிவத்தில் உள்ள சாமர்த்தியத்தை நிதானமாக ரசிக்க வேண்டும். எதிரொலி எப்படிப் பிறக்கிறது? காற்றில் வந்துகொண்டிருக்கும் ஒலி, திடீரென்று வேறொரு பொருளைச் சந்திக்கிறது. அந்தத் திடீர்தான் அதைத் திருப்பி அனுப்புகிறது. மெத்தென்ற பொருளாகவே இருக்கட்டும், தட்டையாக நிறுத்தினால் ஒரு பங்கு திரும்பத்தான் செய்யும். ஆப்பின் கூர்முனையில் இழை கொஞ்சம், காற்று நிறைய. உள்ளே போகப்போக இழை கூடும், காற்று குறையும். எந்த இடத்தில் காற்று முடிந்து சுவர் தொடங்கியது என்று ஒலியால் சொல்ல முடியாது. மரியாதையாக உள்ளே அழைக்கப்பட்டு, நடந்துகொண்டே இருந்து, கடைசியில் இழைகளோடு உரசி உரசிச் சூடாகிக் கரைந்துபோகிறது. முட்டுக்கட்டை போடாமல் விரட்டுவது என்பது ஒரு கலை.

நீளத்துக்கும் கணக்கு இருக்கிறது. ஒலியின் அலைநீளத்தில் கால் பங்காவது ஆப்பு இருந்தால்தான் அந்த ஒலியை விழுங்கும். தாழ்ந்த ஆண்குரலின் அடிச்சுருதி 100 ஹெர்ட்ஸ் அளவில் நிற்கும். அதன் அலைநீளம் 3.4 மீட்டர், கால் பங்கு 85 சென்டிமீட்டர். ஒரு மீட்டர் ஆப்பு அதைச் சமாளித்துவிடும். அதற்கும் கீழே, லாரியின் உறுமல் போன்ற ஆழ்ந்த ஒலிகளிடம் ஆப்பின் பாச்சா பலிக்காது. அவற்றை வாசலுக்கு வெளியிலேயே நிறுத்த வேண்டும். மைக்ரோசாஃப்ட் அறையை வடிவமைத்த ஹண்ட்ராஜ் கோபால் குழுவினர் அதற்காக ஆறடுக்குக் கான்கிரீட் வைத்து, அடியில் தனி அடித்தளம் போட்டு, 68 ஸ்பிரிங்குகளின் மேல் அறையைத் தூக்கி நிறுத்தினார்கள். சுற்றியுள்ள கட்டடத்தின் சுவர் எதுவும் இதைத் தொடாது. ரோட்டில் போகும் பஸ்ஸின் நடுக்கம் மண் வழியாக வந்து, ஸ்பிரிங்குகளில் தள்ளாடி அங்கேயே அடங்கிவிடும். ஆறு மீட்டர் சொச்சம் பக்கம் கொண்ட ஒரு கனசதுர வெற்றிடத்துக்காக இத்தனை கான்கிரீட்! அந்த அறையில் என்ன செய்கிறார்கள் என்று கேட்டால் சிரிப்பு வரும். கீபோர்டின் பொத்தானை அழுத்தினால் எழும் ‘டிக்’, மடிக்கணினியின் சர்க்யூட் பலகையில் ஒரு மின்தேக்கி போடும் மெல்லிய ரீங்காரம், திரையின் பின்னொளி முனகுவது, இவற்றையெல்லாம் அளக்கிறார்கள். அகிலத்திலேயே பெரிய அமைதிகளில் ஒன்றைக் கட்டி வைத்துக்கொண்டு, தட்டச்சுச் சத்தத்துக்குத் தரம் பிரிக்கிறார்கள்.

இப்படி ஆப்பு வைத்து அறை கட்டிய முன்னோடிகள் லியோ பெரானெக்கும் அவர் கூட்டாளிகளும். இரண்டாம் உலகப் போரின் நடுவே, 1943-இல், ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் அவர்கள் ஒரு பெரிய அறையைக் கட்டினார்கள். போர் விமானத்தின் இரைச்சலுக்கு நடுவிலும் விமானிகள் பேசிக்கொள்வதற்குக் கருவிகள் செய்து தருவது அவர்களுக்கு இடப்பட்ட வேலை. அந்தக் கருவிகளை எதிரொலி கலக்காமல் அளக்க ஓர் இடம் வேண்டியிருந்தது. பல வடிவங்களையும் செய்து சோதித்து, ஆப்புதான் சரி என்று கண்டார்கள். வளாகத்தில் அதற்குப் ‘பெரானெக்கின் பெட்டி’ என்று பட்டப்பெயர். போர் இரைச்சலின் வயிற்றில் பிறந்த பிள்ளை இந்த அமைதி.

உள்ளே போனவர்கள் எழுதியதைப் படித்தால், எல்லோரும் முதலில் சொல்வது தங்கள் குரலைப் பற்றி. சாதாரண அறையில் நாம் பேசும்போது, நம் குரலின் கணிசமான பங்கு சுவரில் பட்டுத்தான் நம் காதுக்குத் திரும்புகிறது. அந்தத் திரும்பும் பங்கு இங்கே கிடையாது. வாயை விட்டுப் புறப்பட்ட சொல் போனது போனதுதான். எதிரே நிற்பவர் பேசிக்கொண்டே முகத்தைத் திருப்பிக்கொண்டால் இன்னொரு வேடிக்கை. ‘ச’, ‘ஸ’ போன்ற எழுத்துகளின் கூரிய ஒலி வாய்க்கு நேர் முன்னால் பாயும், பக்கவாட்டில் அவ்வளவாகப் பரவாது. நம் வீட்டில் சுவர்கள் அதைப் பிடித்துத் திருப்பித் தருவதால் வித்தியாசம் தெரிவதில்லை. ஆப்பு அறையில் அவர் திரும்பிய மாத்திரத்தில் மெய்யெழுத்தெல்லாம் மழுங்கி, உயிரெழுத்து மட்டும் மொத்தையாக வந்துசேரும். சுவர்கள் இத்தனை நாளும் நமக்காக உச்சரிப்புத் திருத்திக்கொண்டிருந்தன என்பது அப்போதுதான் தெரியும்.

இரண்டு எட்டு நடந்து தள்ளிப்போனால் குரல் தேய்வதிலும் ஓர் ஒழுங்கு உண்டு. தூரம் இரட்டிப்பானால் 6 டெசிபல் குறையும். பாடப்புத்தகத்தில் உள்ள இந்த விதி எந்த வீட்டிலும் ஒழுங்காக நடப்பதில்லை. இங்கே பிசகாமல் நடக்கிறது. இந்த 6 டெசிபலை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், காட்டுக்குள் போகும்போது தேவைப்படும்.

வெளிச்சத்தம் இப்படி வடிந்துவிட்டால் காது சும்மா இருக்குமா? இருக்காது. 1953-இல் ஹெல்லர், பெர்க்மன் என்ற இருவர், காதில் குறையில்லாத 80 பேரைச் சத்தம் புகாத அறையில் உட்காரவைத்து, என்ன கேட்கிறது என்று எழுதச் சொன்னார்கள். 94 சதவீதம் பேர் ஏதோ கேட்டதாக எழுதினார்கள். இரைச்சல், ரீங்காரம், விசில், சில்வண்டு. வெளியே ஒன்றுமில்லை, எல்லாம் அவரவர் தலைக்குள் இருந்தது. இதைவிட நயமான சங்கதியை லண்டனில் டேவிட் கெம்ப் 1978-இல் வெளியிட்டார். காது ஒலியை வாங்குவதோடு நிற்பதில்லை, தானும் மிக மெல்லிய ஒலி எழுப்புகிறது. உள்காதில் உள்ள மயிரிழை செல்கள், வந்த ஒலியைப் பெருக்குவதற்காகத் தாமும் கூடவே அசைகின்றன. அந்த அசைவின் மிச்சம் செவிப்பறை வழியாக வெளியே கசிகிறது. சின்ன ஒலிவாங்கி வைத்தால் பிடித்துவிடலாம். இன்று நம் ஊர் ஆஸ்பத்திரிகளில் பிறந்த குழந்தையின் காதில் மெல்லிய குழாயைச் செருகி, சில நொடிகளில் ‘காது கேட்கிறது’ என்று சொல்கிறார்களே, அந்தச் சோதனையின் அடிப்படை இதுதான். குழந்தையிடம் கேள்வி கேட்க முடியாது. அதனால் அதன் காது திருப்பிப் பாடுகிறதா என்று கேட்கிறார்கள். குழந்தை தூங்கிக்கொண்டே பாஸாகிவிடும்.

ஹார்வர்டு அறைக்கு 1951 வாக்கில் வந்த இசையமைப்பாளர் ஜான் கேஜுக்கு இரண்டு ஒலிகள் கேட்டன, ஒன்று மேல் சுருதியில், ஒன்று கீழே. மேலே உள்ளது உங்கள் நரம்பு மண்டலம், கீழே உள்ளது ரத்த ஓட்டம் என்று அங்கிருந்த பொறியாளர் விளக்கியதாக அவர் பிற்பாடு எழுதினார். ரத்த ஓட்டம் சரி. நரம்பு மண்டலம் அப்படிக் கேட்காது. அது காதுக்குள் இருக்கும் அந்தச் சில்வண்டாகத்தான் இருக்க வேண்டும். ஆனால் விளக்கம் பிழையாக இருந்தாலும் விளைச்சல் நன்றாகவே இருந்தது. 1952 ஆகஸ்ட் 29 அன்று வுட்ஸ்டாக் அருகே மேவரிக் என்ற அரங்கில், கேஜ் எழுதிய இசையை வாசிக்க டேவிட் டியூடர் பியானோ முன் உட்கார்ந்து, மூடியைச் சாத்தி, 4 நிமிடம் 33 விநாடி ஒரு கட்டையையும் தொடாமல் இருந்தார். மூன்று பகுதிகள். ஒவ்வொன்றின் தொடக்கத்திலும் மூடியைச் சாத்தி, முடிவில் திறந்தார். இந்தக் கதையைச் சொல்கிறவர்கள் பலரும் விட்டுவிடும் விவரம் அந்த அரங்குதான். மரத்தால் கட்டிய எளிய கொட்டகை, பின்புறம் காட்டைப் பார்த்துத் திறந்தது. முதல் பகுதியில் மரங்களில் காற்று. இரண்டாவதில் கூரையில் மழைத்துளி. மூன்றாவதில் ரசிகர்களின் முணுமுணுப்பும், எழுந்து போகிறவர்களின் காலடியும். நாற்புறமும் அடைத்த குளிர்சாதன அரங்கில் வாசித்திருந்தால் ஏசியின் முனகலைத்தான் கேட்டிருப்பார்கள்.

ஆப்பு செய்வதை இயற்கை எப்போதோ செய்துவிட்டது. புதுப்பனி பெய்த காலையில் ஊர் திடீரென்று ஊமையாகிப் போவதைக் குளிர்நாட்டில் இருப்பவர்கள் சொல்லக் கேட்டிருப்போம். அதற்கும் காரணம் அதேதான். புதுப்பனியின் பெரும்பகுதி காற்று. பனிச்சில்லுகளின் கிளைகளுக்கு இடையில் எண்ணற்ற இடுக்குகள். ஒலி உள்ளே புகுந்தால் வழி தெரியாமல் அங்கேயே தீர்ந்துபோகும். இரண்டு நாள் வெயில் பட்டு மேற்பரப்பு இறுகிவிட்டால் வித்தை போயிற்று. அதே பனி கண்ணாடி போல ஒலியைத் திருப்பியடிக்கும்.

ஹவாயின் மௌயி தீவில் உள்ள ஹலேயகலா மலையின் அமைதி வேறு வகை. உயரம் 3,055 மீட்டர். உச்சியில் ஒரு பெரும் பள்ளம். எரிமலை வாய் என்றே எல்லோரும் சொல்கிறார்கள். உண்மையில் இரண்டு பள்ளத்தாக்குகளை மழையும் ஓடையும் அரித்து அரித்து ஒன்றாக்கியது அது. எரிமலைக் குழம்பும் கரியும் பிற்பாடு வந்து தரையை நிரப்பின. விளிம்பிலிருந்து நூற்றுக்கணக்கான மீட்டர் கீழே இறங்கினால் சிவப்பும் கறுப்பும் சாம்பலுமாகக் கரிக்கூம்புகள். மரமில்லை. ஓடையில்லை. காற்று வீசினாலும் அது சத்தம் போட ஓர் இலையாவது வேண்டும், இங்கே அதற்கும் பஞ்சம். வெள்ளிவாள் என்ற செடி மட்டும் அங்கங்கே பந்து போல ஒட்டியிருக்கும். அதன் இலைகள் மயிர் மூடியவை, குட்டை, விறைப்பு, சலசலக்கத் தெரியாதவை. சுற்றுவட்டச் சுவர் வெளியுலகை மறைத்துவிடுகிறது. பள்ளத்தின் அமைதி மனிதக் காதின் விளிம்பை நெருங்குவதாக அமெரிக்கத் தேசியப் பூங்காத் துறை சொல்கிறது.

அந்தப் பள்ளத்தில் ஓசை வேண்டுமென்றால் நாம்தான் கொண்டுபோக வேண்டும். கரித்துகள் பாதையில் ஒவ்வொரு அடியும் ‘நறுக் நறுக்’ என்று நொறுங்கும். நின்றால் அது நிற்கும். பிறகு மூச்சு. மேல்சட்டை உரசுவது. அதோடு சரி என்று நினைத்தால் தவறு. வசந்தத்திலிருந்து இலையுதிர் காலம் வரை, இருட்டியபின் கடலிலிருந்து ‘உஅஉ’ என்ற பறவை மேல் சரிவுகளில் உள்ள தன் வளைக்கு வரும். அதன் பெயரே அதன் கூப்பாடு. நடுநடுவே நாய்க்குட்டி போல வள்வள்ளென்றும் கத்தும். பகலெல்லாம் கடலில் திரிந்துவிட்டு மூவாயிரம் மீட்டர் உயரத்தில், கும்மிருட்டில், தன் பொந்தைத் தேடி இறங்கும் பறவைக்கு இந்த அமைதி ஒரு வசதி. இணையின் குரல் கேட்டாக வேண்டுமே.

என்னைக் கேட்டால், பட்டத்தை ஆப்பு அறைக்கும் கொடுக்க மாட்டேன், ஹலேயகலாவுக்கும் கொடுக்க மாட்டேன். வாஷிங்டன் மாநிலத்தின் மேற்கு மூலையில், ஒலிம்பிக் தேசியப் பூங்காவில் உள்ள ஹோ மழைக்காட்டுக்குக் கொடுப்பேன். அங்கே ஆண்டுக்கு 3,500 மில்லிமீட்டர் அளவில் மழை, சென்னை மழையைப் போல இரண்டரை மடங்கு. மழைக்காடு என்றால் சத்தக்காடு ஆயிற்றே என்று கேட்கலாம். மழை ஓயும், சொட்டு ஓயாது. சிட்கா ஸ்ப்ரூஸ் மரத்தின் உச்சியில் விழுந்த துளி, கிளைகிளையாக இறங்கி, தாடி போல் தொங்கும் பாசியில் ஊறி, அங்கிருந்து பெரணி இலைக்கு, பெரணியிலிருந்து தரைப்பாசிக்கு வரும். ஒவ்வொரு படியிலும் ஒரு சுதி. கடைசிப் படியில் மட்டும் சத்தமே வராது, பாசி வாங்கி வைத்துக்கொள்ளும். விழுந்து கிடக்கும் தாய்மரத்தின் முதுகில் வரிசையாகக் கன்றுகள் முளைத்து வளர்கின்றன. தாய்மரம் உளுத்து உதிர்ந்தபின், அந்தப் பிள்ளைமரங்கள் கால்களைப் பரப்பியபடி அந்தரத்தில் நிற்கும். அவற்றின் அடியில் நுழைந்தே போகலாம்.

இங்கேதான் அந்த 6 டெசிபல். ஆப்பு அறையில் தூரம் இரட்டித்தால் குரல் 6 டெசிபல் தேய்ந்தது. அதையே திருப்பிப் போடுங்கள். சுற்றியுள்ள இரைச்சல் 6 டெசிபல் குறைந்தால், ஒரு குரல் முன்னைவிட இரண்டு மடங்கு தூரத்திலிருந்து நம்மை எட்டும். 20 டெசிபல் குறைந்தால் பத்து மடங்கு தூரம், அதாவது நூறு மடங்கு பரப்பு. இலையும் மரமும் வழியில் கொஞ்சம் பிடுங்கிக்கொள்ளும், கணக்கு அச்சாக வராது. இருந்தாலும் போக்கு இதுதான். இலையுதிர் காலத்தில் ரூஸ்வெல்ட் எல்க் என்ற பெரிய மான் குழலூதுவது போல நீட்டிக் கூவும். இரைச்சலான இடத்தில் அது பக்கத்துப் புதருக்குச் சொல்லும் செய்தி. ஹோ காட்டில் பள்ளத்தாக்கு முழுமைக்குமான அறிவிப்பு. ஆப்பு அறை காதை உடம்புக்குள் இழுத்துக்கொண்டு போகிறது. ஹோ அதைக் கைப்பிடித்துத் தூரத்துக்கு அழைத்துப்போகிறது. அதனால்தான் என் ஓட்டு அதற்கு.

ஒலிப்பதிவாளர் கோர்டன் ஹெம்ப்டன் 2005 ஏப்ரல் 22, பூமி தினத்தன்று, பார்வையாளர் மையத்திலிருந்து ஏறத்தாழ ஐந்து கிலோமீட்டர் உள்ளே, பாசி படர்ந்த ஒரு கட்டையின் மேல் சிறிய சிவப்புக் கல் ஒன்றை வைத்தார். கடற்கரைக் குடியான குயிலியூட் மக்களின் மூத்தவர் ஒருவர் கொடுத்த கல். ‘ஒரு சதுர அங்குல அமைதி’ என்பது திட்டத்தின் பெயர். அந்த ஒரு அங்குலத்தில் மனிதச் சத்தம் விழாமல் பார்த்துக்கொண்டால் போதும் என்றார். கேலிக்கூத்து போலத் தோன்றும் இந்த யோசனையில் உள்ள கணக்கு பலே. ஓரங்குலத்துக்கு மேலே பறக்கும் விமானத்தின் சத்தம் அந்த ஓரங்குலத்தோடு நிற்காது, பல கிலோமீட்டருக்குப் பரவும். ஆகவே ஓரங்குலத்தைக் காப்பாற்ற விமானத்தை விலக்கினால், சுற்றுப்புறம் அத்தனையும் இலவசமாகக் காப்பாற்றப்படும். மைக்ரோசாஃப்ட் கான்கிரீட் கொட்டிச் செய்ததை இவர் ஒரு கூழாங்கல்லை வைத்துச் செய்யப் பார்த்தார்.

முழுக்கப் பலித்தது என்று சொல்ல முடியாது. விட்பி தீவில் உள்ள கடற்படைத் தளத்திலிருந்து ‘கிரவுலர்’ ஜெட்டுகள் பயிற்சிக்காக இந்தப் பூங்காவின் வானத்துக்கு வருகின்றன. கல் அவற்றை ஒன்றும் செய்ய முடியவில்லை. பயணிகள் விமானங்களிடம் ஹெம்ப்டன் வேறு வழியைக் கையாண்டார். கல்லருகே பதிவான சத்தம் எந்தக் கம்பெனியின் விமானத்துடையது என்று கண்டுபிடிப்பார். பிறகு அந்தக் கம்பெனிக்குக் கடிதம் எழுதுவார்: தயவுசெய்து இந்த இடத்தைத் தவிர்த்துப் பறக்கப் பாருங்கள் என்று. கடிதத்தோடு, அவர்கள் விமானம் காட்டுக்குள் போட்ட சத்தத்தைப் பதிந்த குறுந்தகட்டையும் உறையில் போட்டு அனுப்புவார்.